புதிய ஏற்பாட்டுக்கு ஐயாயிரம் சுவடி, சீசருக்குப் பத்துதானா?

நீங்கள் கேட்டது ஒரு கேள்வியாகத் தெரிந்தாலும் உள்ளே மூன்று கேள்விகள் ஒளிந்திருக்கின்றன. கூட்டம் ஒன்றில் பேச்சாளர், ஜூலியஸ் சீசர் காலியாவில் (இன்றைய பிரான்ஸ் பகுதி) நடத்திய போர் பற்றி எழுதிய குறிப்புகளுக்குப் பத்துச் சுவடி, பிளேட்டோவுக்கு ஏழு, புதிய ஏற்பாட்டுக்கோ ஐயாயிரத்துக்கு மேல் என்று கணக்குச் சொல்லி, "சீசரை நம்புகிறவர்கள் சுவிசேஷத்தை நம்பித்தான் ஆக வேண்டும்" என்று முடித்ததாக எழுதியிருக்கிறீர்கள். வீட்டுக்கு வந்து சொன்னபோது உங்கள் தம்பி, "மூலப் பிரதி ஒன்றுகூடக் கிடையாது, எல்லாம் நகலுக்கு நகல், இடையில் யார் எதைச் செருகினார்களோ" என்று ஒரே போடாகப் போட்டுவிட்டாராம். இருவரில் யார் சொல்வது சரி என்கிறீர்கள். பேச்சாளரின் எண்கள் சரிதானா, அந்த எண்கள் எதை நிரூபிக்கும், மூலப் பிரதி தொலைந்த பிறகு மூல வாசகத்தை அறிய வழி உண்டா என்று பிரித்துக்கொண்டால் பதில் சொல்வது எளிது. முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்: இருவரிடமும் கொஞ்சம் உண்மை இருக்கிறது, ஆனால் இருவருமே தங்களிடம் உண்மை இல்லாத இடத்தில்தான் குரலை உயர்த்தியிருக்கிறார்கள்.

கிரேக்க, லத்தீன் சுவடிகளை வாசிக்கவும் ஒன்றோடொன்று ஒத்துப்பார்க்கவும் பயிற்சி பெற்று, அதையே பல ஆண்டுகள் வேலையாகச் செய்தவன் நான். வேலை என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. ஒரே பகுதியை எட்டுப் பிரதிகளில் விரித்து வைத்துக்கொண்டு, எந்த எழுத்து எங்கே மாறுகிறது என்று குறித்துக்கொண்டே போக வேண்டும். நம் ஊரில் பனையோலை ஏடுகளைப் பதிப்பித்தவர்கள் பாடபேதம் (பிரதிக்குப் பிரதி வாசகம் மாறுவது) பார்த்தார்களே, அதேதான். எபிரேயம் எனக்கு அகராதியின் துணையோடுதான் ஓடும். ஆகவே பழைய ஏற்பாட்டைப் பற்றிப் பேசும் இடத்தில் அத்துறையினர் பொதுவாக ஒப்புக்கொண்டவற்றோடு நிறுத்திக்கொள்கிறேன். பக்தி பற்றிய வழக்கை நான் எடுத்துக்கொள்ளவே இல்லை.

முதலில் எண்கள். புதிய ஏற்பாட்டின் கிரேக்கச் சுவடிகளுக்கு வரிசை எண் கொடுத்து, ஜெர்மனியின் மியூன்ஸ்டர் நகரிலுள்ள ஆய்வு நிறுவனம் ஒரு பட்டியல் வைத்திருக்கிறது. அதில் ஐயாயிரத்துக்கு மேல் பதிவுகள் இருப்பது உண்மைதான். ஆனால் ஒரே சுவடியின் பாகங்கள் பிரிந்து இரண்டு மூன்று நூலகங்களில் கிடந்து இரண்டு மூன்று எண் பெற்றிருக்கும். தீயிலும் போரிலும் போனவற்றின் எண்களும் அப்படியே நிற்கும். பெரும்பாலானவை 9-ஆம் நூற்றாண்டுக்குப் பிற்பட்டவை. வழிபாட்டில் வாசிக்க வேண்டிய பகுதிகளை மட்டும் நாள்வாரியாக எழுதிய வாசக நூல்களே இரண்டாயிரத்துக்கு மேல். முழுப் புதிய ஏற்பாட்டையும் ஒருசேரக் கொண்டவை நூறைத் தொடாது. பாப்பிரஸ் என்ற நாணல்தாளில் எழுதிய பழைய துண்டுகள் ஏறத்தாழ நூற்று நாற்பது. அவற்றில் பல உள்ளங்கையில் அடங்கிவிடும். இவ்வளவு கழித்த பிறகும் பண்டைய நூல் வேறு எதற்கும் இத்தனை செல்வம் வாய்க்கவில்லை என்பதை மறுக்க முடியாது. பேச்சாளருக்குச் சேர வேண்டிய மதிப்பெண் இதோடு சரி.

சீசருக்குப் பத்து, பிளேட்டோவுக்கு ஏழு என்பது பழைய ஏடுகளின் கணக்கு கூட இல்லை, பழைய கேள்விப்பட்ட கணக்கு. சென்ற நூற்றாண்டின் நடுவில், பதிப்பாசிரியர்களுக்கு உதவக்கூடிய நல்ல பிரதிகள் ஒன்பது பத்து என்ற பொருளில் எழுதியதை, இருப்பதே பத்து என்று எடுத்துக்கொண்டு மேடைக்கு மேடை சொல்லிவருகிறார்கள். சீசரின் அந்த நூலுக்கும் பிளேட்டோவுக்கும் சுவடிகள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. ஹோமரின் இலியட்டுக்குத் துண்டுகளையும் சேர்த்தால் ஆயிரத்தைத் தாண்டும். நூறுக்கு மேல் உள்ளதைப் பத்து என்று சொல்வதால் சுவிசேஷத்துக்கு எந்தப் பெருமையும் கூடிவிடாது; கேட்பவர்களில் ஒருவர் சரிபார்த்துவிட்டால் பேச்சாளரின் மற்றச் சொற்களும் கூடவே விழும்.

கால இடைவெளியிலும் இதே கதை. சீசரின் போர்க் குறிப்புகளுக்கு இன்றுள்ள மிகப் பழைய சுவடிகள் 9-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. அவர் இறந்து ஏறத்தாழ 900 ஆண்டு கழிந்தவை. ஆக்ஸ்போர்டில் உள்ள புகழ்பெற்ற பிளேட்டோ சுவடி கி.பி. 895-இல் ஜான் என்ற எழுத்தர் அரேதாஸ் என்ற திருச்சபை அறிஞருக்காக எழுதி முடித்தது. எழுதுகூலி 13 பொற்காசு, எழுதும் தோலுக்கு 8 என்று அதிலேயே கணக்கு இருக்கிறது. எனக்கு மிகவும் பிடித்த வரி அது. மனிதன் கையால் செய்த வேலை என்பது அதில்தான் தெரிகிறது. பிளேட்டோவுக்கும் அந்தச் சுவடிக்கும் 1,200 ஆண்டுக்கு மேல் இடைவெளி. ஆனால் எகிப்தின் மணலில் கிடைத்த பாப்பிரஸ் துண்டுகளில், அவருடைய பைதோன் உரையாடலின் பகுதி ஒன்று கி.மு. 3-ஆம் நூற்றாண்டிலேயே எழுதப்பட்டது. அவர் கி.மு. 347-இல் இறந்தவர். இந்தத் துண்டை மேடையில் யாரும் சொல்வதில்லை. அதைவிட வேடிக்கை, வயதில் அவ்வளவு மூத்த அந்தத் துண்டில் இடைக்காலச் சுவடிகளிலிருந்து விலகும் வாசகங்கள் ஏராளம். பழையது என்பதற்காகப் பதிப்பாசிரியர்கள் அவற்றையெல்லாம் ஏற்றுக்கொண்டுவிடவில்லை. முதலில் பிறந்த பிள்ளை எல்லாம் பொறுப்பான பிள்ளையாக இருப்பதில்லை.

ஏன் இவ்வளவு இடைவெளி என்று கேட்டால், பாப்பிரஸ் ஈரம் தாங்காது. ரோமிலும் ஏதென்ஸிலும் எழுதியவை மக்கிப்போயின. மழையே அறியாத எகிப்தின் குப்பைமேடுகள் மட்டும் காப்பாற்றின. ஆக்சிரிங்கஸ் என்ற ஊரில் 1896-97 குளிர்காலத்தில் கிரென்ஃபெல், ஹண்ட் என்ற இரு ஆங்கிலேயர் தோண்டத் தொடங்கியபோது அந்நகரத்தார் வீசிய பழைய காகிதக் குப்பைதான் கூடைகூடையாக வந்தது. இன்னும் பெரும்பகுதி பதிப்பிக்கப்படவில்லை. மற்ற இடங்களில் ஒரு நூல் பிழைக்க வேண்டுமானால் சில தலைமுறைக்கு ஒருமுறை யாராவது அதை வேண்டும் என்று நினைத்துப் படியெடுத்திருக்க வேண்டும். 9-ஆம் நூற்றாண்டு வாக்கில் கிரேக்க உலகில் பெரிய எழுத்து வழக்கு போய்ச் சிறிய எழுத்து வந்தது. பழைய புத்தகங்களைப் புது எழுத்தில் மாற்றி எழுதிவிட்டுப் பழையதைக் கைவிட்டார்கள். அந்த வாசலில் நுழையாத நூல்கள் பெரும்பாலும் நமக்கு இல்லை. பைபிளைப் படியெடுக்க மடங்கள் நிறைய இருந்தன, தேவையும் இருந்தது. ஆகவே பிரதிகள் மலிந்திருப்பது அந்நூலை எத்தனை பேர் பயன்படுத்தினார்கள் என்பதைத்தான் முதலில் காட்டுகிறது.

எண்ணிக்கைக்கு வருவோம். ஊரில் பத்துப் பேர் ஒரே செய்தியைச் சொல்கிறார்கள். விசாரித்தால் பத்துப் பேரும் அதை ஒரே டீக்கடையில் கேட்டவர்கள். சாட்சி பத்தா, ஒன்றா? சுவடிகளிலும் அப்படியே. ஒரு தாய்ச்சுவடியிலிருந்து நேராகப் படியெடுத்த நூறு பிரதிகள் கிடைத்து, அந்தத் தாயும் கையில் இருந்தால், நூறையும் ஓரமாக வைத்துவிட்டுத் தாயை மட்டும் படித்தால் போதும். எந்தச் சுவடி யாருக்குப் பிள்ளை என்பதைத் தவறுகள்தான் காட்டிக்கொடுக்கும். சரியாக எழுதியதில் எல்லோரும் ஒத்துப்போவார்கள். அதில் உறவு தெரியாது. ஒரே இடத்தில் ஒரே விசித்திரமான தவறு நான்கு சுவடிகளில் இருந்தால் நான்கும் உடன்பிறந்தவை. தேர்வில் பக்கத்துப் பையனைப் பார்த்து எழுதியவனை ஆசிரியர் பிடிப்பது சரியான விடையை வைத்தா என்ன?

இந்த வழியை எவ்வளவு தூரம் கொண்டுபோகலாம் என்பதற்கு லுக்ரீஷியஸ் நல்ல உதாரணம். கி.மு. முதல் நூற்றாண்டில் அணுக்களைப் பற்றி லத்தீனில் கவிதை எழுதியவர். அவருடைய நூலுக்கு 9-ஆம் நூற்றாண்டுச் சுவடிகள் இரண்டு நெதர்லாந்தின் லெய்டன் நகரில் இருக்கின்றன. ஒன்றில் சில பகுதிகள் உரிய இடத்தில் இல்லாமல் கடைசியில் கிடக்கின்றன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 52 வரி. தாள்கள் கழன்ற ஒரு தாய்ச்சுவடியைப் பார்த்து எழுதியிருக்கிறார்கள் என்பது அதிலிருந்து தெரிந்தது. தாளுக்கு 52 வரி என்றால் பக்கத்துக்கு 26. 1850-இல் லாக்மன் என்ற ஜெர்மானிய அறிஞர், எவரும் கண்ணால் கண்டிராத அந்தத் தாய்ச்சுவடியின் பக்கத்துக்கு 26 வரி என்று கணக்கிட்டுச் சொன்னார். மாணவப் பருவத்தில் அந்தக் கணக்கைப் புரிந்துகொண்ட நாளில்தான் இந்தத் துறையை விட்டுப் போகக் கூடாது என்று முடிவு செய்தேன்.

ஒற்றைச் சாட்சியோடு வாழும் நூல்களும் உண்டு. ரோமக் கவிஞர் கட்டுலஸின் காதல் கவிதைகள் ஏறக்குறைய முழுவதும், 1300 வாக்கில் வெரோனா நகரில் தலைகாட்டிய ஒரே ஒரு சுவடியிலிருந்து வந்தவை. அந்தச் சுவடியும் பிறகு தொலைந்துவிட்டது. ரோம வரலாற்றாசிரியர் டாசிடஸின் ஆண்டு வரலாற்றில் முதல் ஆறு புத்தகங்களுக்கு ஃபிளாரன்ஸிலுள்ள 9-ஆம் நூற்றாண்டுச் சுவடி ஒன்றே ஆதாரம். ஏழு முதல் பத்து வரையிலான புத்தகங்கள் போனவை போனவைதான். ஆர்க்கிமிடீஸின் 'முறை' என்ற நூலோ இன்னும் ஒரு படி மேல். 10-ஆம் நூற்றாண்டில் எழுதிய அந்தத் தோலேட்டைச் சுரண்டி, 1229-இல் அதன் மேல் ஜெபப் புத்தகம் எழுதிவிட்டார்கள். தோல் விலை அப்படி. 1906-இல் ஹைபர்க் என்ற டேனிஷ் அறிஞர் ஜெபங்களுக்கு அடியில் கணிதம் தெரிவதைக் கண்டு வாசித்தார்; 1998-இல் நியூயார்க்கில் 20 லட்சம் டாலருக்கு ஏலம் போன பிறகு பல வண்ண ஒளியில் படமெடுத்து இன்னும் பல வரிகளை மீட்டார்கள். இருப்பது ஒரே பிரதி. எழுதியவர் ஆர்க்கிமிடீஸ் என்பதில் கணித வரலாற்றாசிரியர்களுக்குச் சந்தேகமில்லை. நூல் நடையும் சிந்தனையும் அப்படி.

அப்படியானால் பிரதிகள் பெருகுவதால் என்ன பயன்? பிழையைப் பிடிக்கலாம், அதுதான் பயன். ஆனால் பிரதிகளோடு வேறுபாடுகளும் பெருகும். 1707-இல் ஜான் மில் என்பவர் ஏறத்தாழ நூறு கிரேக்கச் சுவடிகளை ஒப்பிட்டு முப்பதாயிரம் பாட வேறுபாடுகளை அச்சிட்டபோது இங்கிலாந்தில் பெரிய கூச்சல் எழுந்தது. இன்று அந்த எண் பல மடங்கு. உங்கள் தம்பி இதைப் படித்தால் துள்ளிக் குதிப்பார்; அவசரப்பட வேண்டாம் என்று சொல்லுங்கள். அவற்றில் மிகப் பெரும்பான்மை எழுத்துப்பிழை. கிரேக்கத்தில் பிற்காலத்தில் பல உயிரெழுத்துகள் ஒரே ஒலியாகத் தேய்ந்துவிட்டன. நாம் ர, ற தடுமாறுவதுபோல அவர்கள் தடுமாறினார்கள். இன்னும் ஒரு பெரும்பகுதி, மொழிபெயர்ப்பில் தெரியவே தெரியாத சொல்வரிசை மாற்றம்.

எழுத்தர்கள் செய்யும் தவறுகளில் எனக்கு மிகவும் பழக்கமானது கண் தாவல். பார்த்து எழுதும் பிரதியில் ஒரே சொற்கள் அருகருகே இரண்டு முறை வந்தால், எழுதிவிட்டு நிமிர்கிற கண் இரண்டாவது இடத்தில் போய் விழும். நடுவில் உள்ளது காணாமல் போகும். யோவான் 17:15-இல் இயேசு, இவர்களை உலகத்திலிருந்து எடுத்துக்கொள்ளும்படி நான் வேண்டவில்லை, தீமையினின்று காக்கும்படி வேண்டுகிறேன் என்கிறார். கிரேக்கத்தில் 'இலிருந்து' என்பதற்கான சொற்கள் இரண்டு முறை வரும். 4-ஆம் நூற்றாண்டின் மிகச் சிறந்த சுவடியான வாட்டிகன் சுவடியின் எழுத்தர் முதலாவதிலிருந்து இரண்டாவதற்குத் தாவிவிட்டார். விளைவு, இவர்களைத் தீமையினின்று எடுத்துக்கொள்ளும்படி நான் வேண்டவில்லை என்று வேண்டுதல் தலைகீழானது. இதில் சதி எதுவும் இல்லை, தூக்கம்தான் இருக்கிறது. லண்டனில் உள்ள 14-ஆம் நூற்றாண்டுச் சுவடி ஒன்றின் எழுத்தருக்கோ தூக்கத்தையும் மன்னிக்க முடியாது. லூக்காவின் வம்ச அட்டவணை அவருடைய மூலத்தில் இரண்டு பத்திகளாக, பத்திக்கு 28 வரியாக இருந்திருக்கிறது. ஒரு பத்தியை முடித்துவிட்டு அடுத்த பத்திக்குப் போகாமல், குறுக்கே இடமிருந்து வலமாக எழுதிக்கொண்டே போய்விட்டார். எல்லோருக்கும் அப்பன் மாறிப்போனான். தேவன் ஆராமின் குமாரன் ஆனார். மனித குலத்துக்கே ஆதியாகப் பாரேஸ் உட்கார்ந்தார்.

தம்பியின் 'நகலுக்கு நகல்' வாதம் எங்கே சறுக்குகிறது என்பது இங்கே தெரியும். அவர் மனத்தில் இருப்பது வரிசையாக நிற்கும் பிள்ளைகள் காதுக்குக் காது சொல்லும் விளையாட்டு. சுவடிகள் அப்படி ஒற்றை வரிசையில் வரவில்லை. எகிப்து, சிரியா, கான்ஸ்டான்டினோபிள், இத்தாலி என்று ஆலமர விழுதுபோல இறங்கின. ஒரு விழுதில் விழுந்த புழு அடுத்ததில் இருக்காது. மேலே சொன்ன இரண்டு தவறும் தவறு என்று நமக்குத் தெரிவதே மற்ற விழுதுகள் இருப்பதால்தான். சிரிய, லத்தீன், கோப்டிக் (பழைய எகிப்திய மொழி) மொழிபெயர்ப்புகளும் தனிச் சாட்சிகள். வேண்டுமென்றே மாற்றியவர்கள் இல்லையா என்றால் இருந்தார்கள். இறையியல் காரணத்துக்காக ஒரு சொல்லை மெருகேற்றியவர்களும், ஒரு சுவிசேஷத்தின் வாசகத்தை இன்னொன்றோடு ஒத்துப்போக வைத்தவர்களும் உண்டு. ஆனால் ஒருவர் மாற்றினால் இன்னொருவர் சும்மா இருக்கவில்லை. வாட்டிகன் சுவடியில் எபிரெயர் 1:3-இல் 'தாங்குகிறவர்' என்று இருக்க வேண்டிய இடத்தில் முதல் எழுத்தர் 'வெளிப்படுத்துகிறவர்' என்ற பொருள் தரும் சொல்லை எழுதிவிட்டார். ஒருவர் திருத்தினார். பின்னால் வந்த மற்றொருவர் திருத்தத்தை அழித்துப் பழையதை எழுதி, ஓரத்தில் "மடையனே, அயோக்கியனே, பழையதை விட்டுவை, மாற்றாதே" என்று வசையும் எழுதினார். இதில் சோகம் என்னவென்றால், திட்டு வாங்கியவர்தான் சரி.

இனி, தலைவலி தரும் சில இடங்கள். மாற்கு சுவிசேஷத்தின் கடைசிப் பன்னிரண்டு வசனங்கள், 16:9 முதல் 20 வரை, 4-ஆம் நூற்றாண்டின் இரண்டு பெரும் சுவடிகளான வாட்டிகனிலும் சினாயிலும் இல்லை. விபசாரத்தில் பிடிபட்ட பெண்ணின் கதை, யோவான் 7:53 முதல் 8:11 வரை, பழமையான கிரேக்கச் சுவடிகளில் இல்லை. சில பிற்காலச் சுவடிகளில் அது லூக்கா 21-இன் முடிவில் போய் உட்கார்ந்திருக்கிறது. இவை இரண்டும் அந்தந்த நூலாசிரியர் எழுதியவை அல்ல என்பதில் துறையினரிடையே ஏறக்குறைய ஒருமனம். மாற்கு வேண்டுமென்றே 16:8-இல் நிறுத்தினாரா, கடைசித் தாள் தொலைந்ததா என்பது மட்டும் ஊகம்; எனக்கு முதலாவதில் சாய்வு, அவ்வளவுதான். பெண்ணின் கதை எழுத்துக்கு வெளியே பழைய மரபாக உலவியிருக்கலாம் என்று பலர் கருதுகிறார்கள். அதையும் உறுதியாகச் சொல்ல வழியில்லை.

தமிழ் பைபிள் வைத்திருப்பவர்களுக்கு இன்னும் நெருக்கமான கதை ஒன்று உண்டு. 1516-இல் எராஸ்மஸ் என்ற டச்சு அறிஞர் கிரேக்கப் புதிய ஏற்பாட்டை அவசர அவசரமாக அச்சிட்டார். கடைசி நூலான வெளிப்படுத்தின விசேஷத்துக்கு அவருக்குக் கிடைத்தது ஒரே சுவடி. அதில் கடைசித் தாள் இல்லை. பொறுமை இல்லாத மனிதர். லத்தீன் பைபிளிலிருந்து கடைசி வசனங்களைத் தானே கிரேக்கத்தில் மொழிபெயர்த்துச் சேர்த்துவிட்டார். லத்தீனில் 'லிக்னோ' என்றால் மரம், 'லிப்ரோ' என்றால் புத்தகம். லத்தீன் பிரதிகளில் எங்கோ மரம் புத்தகமாக மாறியிருந்தது. ஆகவே 22:19-இல் ஜீவ விருட்சத்தில் பங்கு என்பது ஜீவபுஸ்தகத்தில் பங்கு என்றாயிற்று. அந்த அச்சுப் பாடம் ஐரோப்பாவெங்கும் பரவி, அதன் வழியில் வந்த நம் பழைய தமிழ் மொழிபெயர்ப்பிலும் 'ஜீவபுஸ்தகத்திலிருந்தும்' என்றே இருக்கிறது. கத்தோலிக்கத் திருவிவிலியத்தைத் திறந்தால் மரம் இருக்கும். இந்தப் புத்தகத்தின் வார்த்தைகளிலிருந்து எதையும் எடுத்துப்போடாதே என்று எச்சரிக்கிற வசனத்துக்கே இந்தக் கதி நேர்ந்தது.

1 யோவான் 5:7-இல் வரும் 'பிதா, வார்த்தை, பரிசுத்த ஆவி' என்ற வாக்கியமும் அதே வழி. எராஸ்மஸின் முதல் இரண்டு பதிப்புகளில் அது இல்லை. எந்தக் கிரேக்கச் சுவடியிலும் அவர் அதைப் பார்க்கவில்லை. பலர் எதிர்த்தார்கள். பிறகு அந்த வாக்கியம் உள்ள ஒரு கிரேக்கச் சுவடி இங்கிலாந்தில் தோன்றியது, 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்து மையோடு. அது இன்று டப்ளினில் இருக்கிறது. 1522-இன் மூன்றாம் பதிப்பில் வாக்கியத்தைச் சேர்த்தார். ஒரு சுவடி காட்டினால் சேர்க்கிறேன் என்று அவர் சவால் விட்டுச் சிக்கிக்கொண்டதாகச் சொல்லும் கதை சுவையானது. நானும் வகுப்பில் பலமுறை சொல்லியிருக்கிறேன். அவர் எழுத்துகளில் அதற்கு ஆதாரம் இல்லை என்று தெரிந்த பிறகு விட்டுவிட்டேன்.

பழைய ஏற்பாட்டில் நிலைமை வேறு. முழு எபிரேய பைபிளுக்கு நமக்குள்ள பழைய சுவடி 1008-ஐ ஒட்டி எழுதியது. இன்று ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் உள்ளது. 1947-இல் சாக்கடல் கரையில் கும்ரான் குகைகளில் சுருள்கள் கிடைக்கத் தொடங்கியதும் ஒரே தாவலில் ஆயிரம் ஆண்டு பின்னால் போக முடிந்தது. 7 மீட்டருக்கு மேல் நீளும் ஏசாயாச் சுருள் கி.மு. 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. பெரும்பாலும் இடைக்கால வாசகத்தோடு ஒத்துப்போகிறது. மேடைப் பேச்சாளர்கள் இதோடு நிறுத்திவிடுவார்கள். அதே குகைகளில் கிடைத்த சாமுவேல் சுருள் அவ்வளவு சாதுவானதன்று. நம் பைபிளில் கோலியாத்தின் உயரம் ஆறு முழமும் ஒரு சாணும், ஒன்பது அடிக்கு மேல். சுருளிலும் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பிலும் நான்கு முழமும் ஒரு சாணும். ஆறே முக்கால் அடி ஆள். எரேமியா நூல் கிரேக்கத்தில் ஏறத்தாழ எட்டில் ஒரு பங்கு குட்டை. மொழிபெயர்த்தவர் வெட்டினார் என்று நினைத்திருந்தோம், அந்தக் குட்டை வடிவத்துக்கு எபிரேயத் துண்டும் கும்ரானில் கிடைத்தது. ஆக, ஒரே காலத்தில் ஒரே நூல் இரண்டு வடிவங்களில் உலவியிருக்கிறது. இப்படிப்பட்ட இடத்தில் 'மூல வாசகம்' என்ற சொல்லையே யோசித்துத்தான் பயன்படுத்த வேண்டும்.

வயது கணிப்பு பற்றியும் ஒரு எச்சரிக்கை. மான்செஸ்டரில் உள்ள யோவான் சுவிசேஷத் துண்டு, 9 சென்டிமீட்டர் உயரம்கூட இல்லாதது, 1935-இல் வெளியானபோது 2-ஆம் நூற்றாண்டின் முற்பாதி என்று கையெழுத்தின் சாயலை வைத்து மதிப்பிட்டார்கள். கி.பி. 125 என்று துல்லியமான தேதியைப் போலச் சுவரொட்டிகளில் போடுகிறார்கள். ஓர் எழுத்தர் நாற்பது ஆண்டு ஒரே கையில் எழுதுவார். அவரிடம் கற்ற சீடர் இன்னும் நாற்பது ஆண்டு. சாயலை வைத்து ஐம்பது ஆண்டுக்குள் அடைப்பதே துணிச்சல். 2005-இல் வெளிவந்த விரிவான மறுஆய்வு ஒன்று, அத்துண்டு 2-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியாகவோ 3-ஆம் நூற்றாண்டின் தொடக்கமாகவோ கூட இருக்கலாம் என்று காட்டியது. முதல் நூற்றாண்டு மாற்குத் துண்டு கிடைத்துவிட்டது என்று 2012-இல் பொது விவாதம் ஒன்றில் அறிவித்தார்கள். 2018-இல் துண்டு முறைப்படி வெளியானபோது 2-ஆம் நூற்றாண்டின் இறுதி அல்லது 3-ஆம் நூற்றாண்டு என்றிருந்தது. வாஷிங்டனில் உள்ள பைபிள் அருங்காட்சியகம் வைத்திருந்த சாக்கடல் துண்டுகள் பதினாறும் நவீனப் போலிகள் என்று 2020-இல் முடிவாயிற்று. செய்தித்தாளில் 'மிகப் பழைய' என்ற சொல்லைப் பார்த்தால் பத்து ஆண்டு பொறுத்திருப்பது என் வழக்கம்.

இப்போது பேச்சாளரின் 'ஆகவே' என்ற சொல்லுக்கு வருகிறேன். சீசர் தம் முதல் புத்தகத்தில், தம்மோடு மோதிய ஹெல்வெட்டியர் என்ற இனத்தாரும் கூட்டாளிகளும் புறப்பட்டபோது மூன்று லட்சத்து அறுபத்தெட்டாயிரம் பேர், திரும்பிப் போனவர்கள் ஒரு லட்சத்துப் பத்தாயிரம் என்று எழுதுகிறார். சீசர் அப்படித்தான் எழுதினார் என்று ஏற்றுக்கொள்ள நமக்குப் போதிய சுவடி இருக்கிறது. அத்தனை பேர் உண்மையில் இருந்தார்களா என்றால் பெரும்பாலான வரலாற்றாசிரியர்கள் இல்லை என்று தலையை ஆட்டிவிடுவார்கள். நாளை சீசரின் கையெழுத்திலேயே மூலம் கிடைத்தாலும் அந்தத் தலையாட்டல் மாறாது. சுவடி சொல்வது, அவர் என்ன எழுதினார் என்பதை. எழுதியது நடந்ததா என்பதைப் பிற சான்றுகளை வைத்துத்தான் விசாரிக்க வேண்டும். சுவிசேஷங்களுக்கும் அதே விதி. புதிய ஏற்பாட்டின் கிரேக்க வாசகம், நான் மேலே சொன்னவை போன்ற சில பத்து இடங்களைத் தவிர, மற்றப் பண்டைய நூல்களைவிட நன்றாகவே நமக்குத் தெரியும் என்று தயங்காமல் சொல்வேன். அதற்கு மேல் 'ஆகவே' போடுவதற்கு என் துறையில் கருவி இல்லை. தம்பியிடமும் சொல்லுங்கள்: மூலம் தொலைந்ததால் வாசகம் தொலைந்தது என்று நினைப்பவர் சங்கப் பாடலையும் சேர்த்துத்தான் கைகழுவ வேண்டியிருக்கும்.

நேரம் இருந்தால் இருவருமாகச் சேர்ந்து உட்கார்ந்து சினாய் சுவடியை இணையத்தில் பாருங்கள். லண்டன், லெய்ப்சிக், செயின்ட் பீட்டர்ஸ்பர்க், சினாய் மடம் என நான்கு இடங்களில் சிதறிக்கிடக்கும் தாள்களை 2009 முதல் ஒன்றாகச் சேர்த்து யாரும் பார்க்கும்படி வைத்திருக்கிறார்கள். மாற்குவின் கடைசிப் பக்கத்துக்குப் போங்கள். கிரேக்கம் தெரிய வேண்டியதில்லை. நான்கு பத்திகள் கொண்ட பக்கம். ஒரு பத்தியின் மேல்பகுதியிலேயே எழுத்து நின்று, கீழே சின்ன அலங்காரக் கோடு, நூலின் பெயர், பிறகு வெறும் தோல். அடுத்த பத்தியில் லூக்கா தொடங்குகிறார். வாட்டிகன் சுவடியையும் இணையத்தில் பார்க்கலாம்; அதன் எழுத்தர் மாற்குவை அதே 16:8-இல் முடித்துவிட்டு, வழக்கத்துக்கு மாறாக ஒரு முழுப் பத்தியைக் காலியாக விட்டிருக்கிறார். புதிய ஏற்பாட்டுப் பகுதியில் வேறு எந்த நூலின் முடிவிலும் அவர் அப்படி விடவில்லை. அந்த வெற்றிடம் ஏன் என்று உங்கள் தம்பிக்கு என்ன தோன்றுகிறது என்று எழுதச் சொல்லுங்கள்.